சொல்லை மறைக்காத இசை: மெல்லிசை மன்னர் எம்.எஸ். விஸ்வநாதன்

மனயங்கத்து சுப்பிரமணியன் விஸ்வநாதன் 1928ஆம் ஆண்டு ஜூன் 24ஆம் திகதி பாலக்காட்டை அடுத்த எலப்புள்ளி கிராமத்தில் பிறந்தார். தந்தை சுப்பிரமணியன், தாய் நாராயணிக்குட்டி. அதே ஆண்டு நவம்பரில் இத்தாலியின் ரோம் நகரில் என்னியோ மொரிக்கோனே பிறந்தார். உலகத் திரையிசையில் பெரிதும் போற்றப்படும் பெயர்களுள் ஒன்று அவருடையது. மொரிக்கோனே ரோம் நகரின் புகழ்பெற்ற இசைக்கல்லூரியில் முறையாகப் பயின்று, இசையை ஏட்டில் எழுதிப் பழகியவர். படத்தின் பின்னணி இசையே அவருடைய முதன்மையான களம். விஸ்வநாதன் கல்லூரி எதையும் கண்டவரல்லர். அவருடைய களம் பாட்டு. தமிழ்ப் படத்தில் கதையின் பாரத்தைப் பாட்டுத்தான் சுமக்கிறது. அந்தப் பாட்டின் இன்றைய வடிவத்தைத் தீர்மானித்தவர்களில் விஸ்வநாதனுக்கு முன்னால் நிறுத்தத்தக்கவர் மிகச் சிலரே.

நான்கு வயதில் தந்தையை இழந்தார். வறுமை தாங்காமல் தாய் பிள்ளையோடு உயிரை மாய்த்துக்கொள்ளத் துணிந்தார். கண்ணூர்ச் சிறைச்சாலையில் காவலராக இருந்த பாட்டனார் கிருஷ்ணன் நாயர் அதைத் தடுத்து, இருவரையும் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டார். பள்ளிப் படிப்பு சிறுவனின் மனதில் ஒட்டவில்லை. கண்ணூர்ப் படக்கொட்டகையில் தின்பண்டம் விற்றபடியே திரைப் பாட்டுகளைக் காதில் வாங்கினார். நீலகண்ட பாகவதரிடம் கர்நாடக இசை கற்றார். சம்பளம் கொடுக்க வழியில்லாததால் குருவின் வீட்டு வேலைகளைச் செய்து கொடுத்துப் பாடம் கேட்டார். 13 வயதில் முதல் கச்சேரி நடந்தது. அவருடைய முறையான இசைக் கல்வி என்று சொல்ல இருப்பது பெரும்பாலும் இவ்வளவுதான். மற்றதையெல்லாம் இசைக்குழுக்களுக்குள் இருந்து கேட்டே பழகினார்.

அவருக்கு முதலில் இருந்த ஆசை நடிகராவது. அந்த ஆசைதான் அவரை எம். சோமசுந்தரமும் எஸ்.கே. மொகிதீனும் கூட்டாக நடத்திய ஜூபிடர் பிக்சர்ஸ் நிறுவனத்துக்குக் கொண்டு போனது. நடிப்பு வாய்க்கவில்லை. கோயம்புத்தூரில் எடுபிடி வேலை கிடைத்தது. அங்கே இசையமைப்பாளராக இருந்தவர் எஸ்.எம். சுப்பையா நாயுடு. ஒத்திகைக்கு வாத்தியங்களை எடுத்து வைப்பதும், வித்துவான்களுக்குத் தேநீர் வாங்கி வருவதும் அந்தப் பையனின் வேலை. எல்லோரும் போன பிறகு ஆர்மோனியத்தைத் திறந்து தானாக மெட்டுப் போட்டுப் பார்ப்பது அவனுக்குப் பழக்கமாகிவிட்டது. ஒரு பாட்டுக்கு மெட்டு சரியாக அமையாமல் நாயுடு திணறிக்கொண்டிருந்த சமயம், தனியே இருந்த பையன் அதே பாட்டைப் பாடிக்கொண்டிருந்ததைக் கேட்டார். அந்த மெட்டே 1948இல் வெளியான ‘அபிமன்யு’ படத்தில் இடம்பெற்றது. ஊர் பேர் தெரியாத பையனின் மெட்டு என்றால் முதலாளிகள் ஏற்க மாட்டார்கள் என்பதால், அப்போது நாயுடு உண்மையை வெளியில் சொல்லவில்லை.

சொல்ல வேண்டிய நேரத்தில் சொன்னார். ஜூபிடர் நிறுவனம் கோவையை விட்டுச் சென்னைக்குப் போக முடிவெடுத்தபோது பலருக்கு வேலை போயிற்று. பட்டியலில் விஸ்வநாதனும் இருந்தார். அப்போது நாயுடு முதலாளியிடம் சென்று, அந்தப் பாட்டின் மெட்டு இந்தப் பையனுடையது, இவனைக் கைவிடக் கூடாது என்று எடுத்துரைத்தார். அந்த வார்த்தையால்தான் விஸ்வநாதன் சென்னைக்கு வந்து சேர்ந்தார். இந்தக் கடனை அவர் மறக்கவே இல்லை. நாயுடுவை முதுமையில் தன் குடும்பத்தவராகவே வைத்துப் பார்த்துக்கொண்டார். 1979இல் நாயுடு காலமாகும் வரை அது தொடர்ந்தது.

சென்னையில் அவருக்குக் கிடைத்த இடம் சி.ஆர். சுப்பராமனின் இசைக்குழு. சுப்பராமன் சிறு வயதிலேயே புகழின் உச்சிக்குப் போனவர். மேற்கத்திய இசையையும் கர்நாடக ராகங்களையும் ஒன்றாக்கிப் பார்க்கும் துணிச்சல் அவரிடம் இருந்தது. அந்தக் குழுவில் விஸ்வநாதன் ஆர்மோனியம் வாசித்தார். வயலின் வாசித்தவர் டி.கே. ராமமூர்த்தி. 1922இல் திருச்சியில் பிறந்த ராமமூர்த்தி, வயலின் மேதை மலைக்கோட்டை கோவிந்தசாமிப் பிள்ளையின் பேரன். இசை அவருக்குப் பரம்பரைச் சொத்தாக வந்தது. விஸ்வநாதனுக்கோ ஒவ்வொரு படியாகத் தேடிச் சேர்த்தது. பின்னாளில் இவர்களின் கூட்டணி அவ்வளவு நன்றாக அமைந்ததற்கு இந்த வேறுபாடே காரணமாக இருந்திருக்க வேண்டும்.

1952 ஜூன் மாதத்தில் சுப்பராமன் திடீரென்று இறந்தார். ‘தேவதாஸ்’, ‘சண்டிராணி’, ‘மருமகள்’ போன்ற படங்களில் அவருடைய வேலை பாதியில் நின்றது. அவற்றை முடித்துக் கொடுக்கும் பொறுப்பு குழுவில் இருந்தவர்கள் தலையில் விழுந்தது. குருவின் பாணி தெரியும்படியும், மாற்றார் கை பட்டது தெரியாதபடியும் அந்த வேலை நடந்தது. இதைக் கவனித்துக்கொண்டிருந்தவர்களில் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனும் ஒருவர். இந்திப் படவுலகில் சங்கர்–ஜெய்கிஷன் இரட்டையராகக் கொடிகட்டிப் பறந்த காலம் அது. அதுபோலத் தமிழிலும் இருவர் சேர்ந்து இசையமைக்கலாமே என்று யோசனை சொன்னவர் கலைவாணர். தான் இயக்கிய ‘பணம்’ (1952) படத்தை இருவரிடமும் ஒப்படைத்தார். வயதில் மூத்தவர் ராமமூர்த்தி என்றாலும் ‘விஸ்வநாதன்–ராமமூர்த்தி’ என்ற வரிசையில் பெயர் அமைந்தது.

1953இல் வெளியான ‘ஜெனோவா’ படத்தில் விஸ்வநாதன் ராமமூர்த்தி இல்லாமலும் பெயர் பெற்றார். அந்தப் படத்தின் நாயகன் எம்.ஜி.ஆர். நேற்றுவரை எடுபிடியாக இருந்த ஒருவர் தன் படத்துக்கு இசையமைப்பதை அவர் முதலில் விரும்பவில்லை. பாட்டுகளைக் கேட்ட பிறகு விஸ்வநாதனின் வீடு தேடிப் போய்ப் பாராட்டினார். பிற்காலத்தில் எம்.ஜி.ஆரின் படங்களுக்கு மிக அதிகமாகப் பேசப்பட்ட பாட்டுகளைக் கொடுத்தவர்களில் விஸ்வநாதன் முன்வரிசையில் இருக்கிறார்.

ஐம்பதுகளின் நடுப்பகுதி இரட்டையருக்குச் சுமாராகவே போனது. ஜி. ராமநாதன், கே.வி. மகாதேவன் எனப் பலர் களத்தில் இருந்தனர். கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’ (1958), பீம்சிங் இயக்கிய ‘பதிபக்தி’ (1958), ‘பாகப்பிரிவினை’ (1959) ஆகிய படங்களோடு காற்று திரும்பியது. அதன் பிறகு வந்த ஐந்தாறு ஆண்டுகள் தமிழ்த் திரையிசையில் அதுவரை யாரும் காணாத அறுவடைக் காலம். 1961ஆம் ஆண்டில் மட்டும் ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ ஆகிய மூன்றும் வெளிவந்தன. மூன்றும் பீம்சிங்–சிவாஜி கணேசன் படங்கள், மூன்றுக்கும் பாட்டு எழுதியவர் கண்ணதாசன்.

‘பாசமலர்’ படத்தில் வரும் தாலாட்டை எடுத்துக்கொண்டால் இவர்கள் செய்தது என்ன என்பது விளங்கும். பிரிந்து வாழும் அண்ணனும் தங்கையும் வெவ்வேறு வீடுகளில் தங்கள் பிள்ளைகளைத் தாலாட்டுகிறார்கள். டி.எம். சௌந்தரராஜனும் பி. சுசீலாவும் பாடினார்கள். கேட்பவருக்குக் கிடைப்பது பிள்ளைக்கான தாலாட்டு மட்டுமன்று, ஒருவரையொருவர் பார்க்க முடியாத இருவரின் ஏக்கமும்கூட. வாத்தியங்கள் பின்னால் நின்றுகொள்கின்றன. ஒவ்வொரு சொல்லும் முழுதாகக் காதில் விழுகிறது. ராகத்தின் இனிமையைக் காட்டுவதற்காகச் சொல்லை இழுத்து உடைக்கும் பழக்கம் முந்தைய தலைமுறைத் திரைப் பாட்டில் சாதாரணம். இவர்கள் அதை விலக்கினார்கள். பேசும்போது ஒரு சொல் எந்த இடத்தில் அழுத்தம் பெறுமோ, மெட்டிலும் அந்த இடத்திலேயே அழுத்தம் பெற வேண்டும் என்பது விஸ்வநாதன் கடைசிவரை பிடித்து நின்ற முறை. அவருடைய பாட்டுகள் எழுத்தறியாதவர்களுக்கும் மனப்பாடமானதற்கு இதைவிடப் பெரிய காரணம் இல்லை.

கிழக்கிலங்கையின் முஸ்லிம் ஊர்களில் ‘பாவமன்னிப்பு’ படத்துக்குத் தனி இடம் உண்டு. சிவாஜி கணேசன் ரஹீம் என்ற பாத்திரத்தில், முஸ்லிம் பெரியவர் ஒருவரால் வளர்க்கப்பட்டவராக நடித்தார். பெருநாள் கொண்டாட்டக் காட்சிக்கான பாட்டை டி.எம். சௌந்தரராஜனுடன் நாகூர் ஈ.எம். ஹனிபா பாடினார். இஸ்லாமியப் பாடல்களால் ஏற்கெனவே வீடு வீடாக அறியப்பட்டிருந்த ஹனிபாவின் கம்பீரமான குரலைத் திரைப்படத்துக்குள் கொண்டுவந்து, அந்தக் குரலின் இயல்பு கெடாமல் மெட்டமைத்தது இரட்டையரின் சாமர்த்தியம். நோன்புப் பெருநாள் நெருங்கினால் அந்தப் பாட்டு இன்றும் ஒலிக்கிறது.

‘பாவமன்னிப்பு’ பாட்டுகளை மக்கள் விருப்பப்படி வரிசைப்படுத்தும் போட்டியொன்றைத் தயாரிப்பாளர்கள் விளம்பரத்துக்காக நடத்தினார்கள். பாட்டுகள் ஒலித்தது இலங்கை வானொலியில். இது தற்செயலன்று. இந்திய வானொலி 1952 முதல் சில ஆண்டுகள் திரைப்பாடல்களை ஏறக்குறைய ஒதுக்கியே வைத்தது. தகவல் ஒலிபரப்பு அமைச்சர் பி.வி. கேஸ்கர் திரையிசையைத் தரக்குறைவானதாகக் கருதினார். 1957இல் ‘விவித் பாரதி’ தொடங்கிய பின்னரே நிலைமை மாறத் தொடங்கியது. 1950இல் வர்த்தக சேவையைத் தொடங்கியிருந்த இலங்கை வானொலி அந்த இடைவெளியை நிரப்பியது. எஸ்.பி. மயில்வாகனம் தொடங்கி கே.எஸ். ராஜா, பி.எச். அப்துல் ஹமீது வரையான அறிவிப்பாளர்கள், பாடகரின் பெயரோடு இசையமைப்பாளரின் பெயரையும் கவிஞரின் பெயரையும் தவறாமல் சொன்னார்கள். ‘இசை: விஸ்வநாதன்–ராமமூர்த்தி’ என்ற தொடர், படம் பார்க்காத மக்களின் காதிலும் ஒரு நாளில் பல தடவை விழுந்தது. ‘பொங்கும் பூம்புனல்’ ஒலிக்கும் காலைப்பொழுதிலும் ‘இரவின் மடியில்’ ஒலிக்கும் இரவிலும், கல்முனையில் இருந்து அக்கரைப்பற்று வரையான கரையோரத்துக்கு இந்த இசை வந்து சேர்ந்தது திரையரங்கு வழியாக அல்ல, ரேடியோ வழியாகத்தான். தமிழ்நாட்டு நேயர்களுக்கும் அப்படித்தான். ஓர் இசையமைப்பாளரைத் தமிழ் பேசும் உலகம் முழுவதற்கும் பொதுவானவராக ஆக்கியதில் கொழும்பு நிலையத்தின் பங்கு பெரிது. அதைத் தமிழ்த் திரையிசை வரலாறு எழுதுவோர் இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும்.

பாட்டு உருவாகும் விதம் பெரும்பாலும் ஒன்றே. இயக்குநர் காட்சியை விளக்குவார். விஸ்வநாதன் ஆர்மோனியத்தின் முன் அமர்ந்து தத்தகாரத்தில் மெட்டுப் பாடுவார். ஒரே காட்சிக்குப் பத்து, இருபது மெட்டுகள்கூட அடுத்தடுத்து வரும். பிடித்தது கிடைத்ததும் கவிஞர் அந்தச் சந்தத்துக்குச் சொல் கொடுப்பார். சில சமயம் பாட்டு முதலில் வரும், மெட்டு பின்னால் வரும். கண்ணதாசனோடு இருக்கும்போது எது முதலில் வந்தது என்று பிரிக்க முடியாத அளவுக்கு இரண்டும் கலந்து போகும். 1963இல் ‘கற்பகம்’ படத்தின் பாட்டுகளால் வாலி நிலைத்து நின்றதும் இந்தக் கூடத்தில்தான். பிறகு ஒலிப்பதிவு. இன்றுபோல் ஒவ்வொரு வாத்தியத்தையும் தனித்தனியே பதிந்து பின்னர் சேர்க்கும் வசதி அப்போது இல்லை. பாடகர், வயலின் வரிசை, தாள வாத்தியம், கோரஸ் எல்லாம் ஒரே அறையில், ஒரே மூச்சில் வாசித்து முடிக்க வேண்டும். கடைசி வரியில் ஒருவர் தவறினால் முதலில் இருந்து தொடங்க வேண்டும்.

அந்த அறையில் இருந்தவர்களின் பெயர்கள் படத்தின் எழுத்துகளில் வரவில்லை. அக்கோர்டியன் வாசித்த மங்களமூர்த்தி, கிட்டார் பிலிப்ஸ், டிரம்ஸ் நோயல் கிராண்ட், புல்லாங்குழல் நஞ்சப்பா, ஷெனாய் சத்யம், சித்தார் ஜனார்த்தன் மிட்டா, வாத்திய ஒழுங்கமைப்பில் உதவிய ஹென்றி டேனியல், ஜோசப் கிருஷ்ணா ஆகியோர் இல்லாமல் அந்த ஒலி இல்லை. ஆங்கிலோ இந்தியரும் கிறிஸ்தவரும் வடநாட்டவரும் தமிழரும் கலந்திருந்த குழு அது. ‘நெஞ்சில் ஓர் ஆலயம்’ (1962) படத்தில், தான் இறந்தால் மறுமணம் செய்துகொள் என்று சொல்லும் நோயாளிக் கணவனுக்கு மனைவி பாடும் பதிலில், சுசீலாவின் குரலுக்குப் பக்கத்தில் சித்தார் ஒலிக்கிறது. குரல் சொல்லி நிறுத்திய வேதனையைச் சித்தார் எடுத்துத் தொடர்கிறது. இடையிசையை வெறும் இடைநிரப்பாக வைக்காமல் பாட்டின் பொருளோடு சேர்த்தது விஸ்வநாதன்–ராமமூர்த்தி காலத்தில் கிடைத்த பெரிய மாற்றம்.

தேவைப்பட்டால் பெருக்குவார்கள், தேவைப்பட்டால் சுருக்குவார்கள். ‘பாகப்பிரிவினை’யின் புகழ்பெற்ற கிராமியப் பாட்டுக்கு மூன்றே வாத்தியங்கள் போதுமானவையாக இருந்தன. ‘புதிய பறவை’ (1964) படத்தில் நிம்மதி இழந்த நாயகன் பாடும் பாட்டுக்கோ மாபெரும் வாத்தியக் குழு தேவைப்பட்டது. வயலின்கள் அலையலையாக எழுந்து அவன் மனக்கொந்தளிப்பைக் காட்டுகின்றன. அவ்வளவு பெரிய குழுவுக்கு நடுவிலும் சௌந்தரராஜனின் உச்சரிப்பு ஓரிடத்திலும் மங்கவில்லை.

அதே ஆண்டில் வந்த ‘கர்ணன்’ இரட்டையரின் படைப்புகளில் தனியே நிற்கிறது. புராணக் கதைக்கு வடஇந்திய இசையின் சாயல் வேண்டும் என்று முடிவு செய்து, இந்துஸ்தானி ராகங்களையும் ஷெனாய், சாரங்கி போன்ற வாத்தியங்களையும் பயன்படுத்தினார்கள். கர்ணனின் கொடையைப் புகழும் புலவர்களுக்காகச் சீர்காழி கோவிந்தராஜன், திருச்சி லோகநாதன், டி.எம். சௌந்தரராஜன், பி.பி. ஸ்ரீநிவாஸ் ஆகிய நால்வரும் அடுத்தடுத்துப் பாடினார்கள். போர்க்களத்தில் கர்ணன் விழுந்து கிடக்கும் இறுதிக் காட்சிக்கு சீர்காழி பாடிய சக்கரவாகப் பாட்டு, தமிழ்த் திரையில் மரணத்தை இசையால் சொன்ன மிகச் சிறந்த இடங்களில் ஒன்று. இழவு வீட்டின் அழுகை அதில் இல்லை. மேலே மேலே போகும் குரல், வீழ்ந்தவனை உயர்த்தி நிறுத்துகிறது. இதே ஆண்டில்தான் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ படத்துக்காகத் துள்ளலான மேற்கத்திய மெட்டுகளும், ‘கலைக்கோயில்’ படத்துக்காகப் பாலமுரளிகிருஷ்ணா பாடிய ஆபோகி ராகப் பாட்டும் அமைந்தன. ஓர் ஆண்டுக்குள் இவ்வளவு திசைகளில் போய் எங்கும் தடுமாறாமல் வந்தது வியப்புக்குரியது.

‘மெல்லிசை மன்னர்கள்’ என்ற பட்டம் 1963இல் சென்னைத் திருவல்லிக்கேணியில் நடந்த விழாவில், சிவாஜி கணேசன் முன்னிலையில் இருவருக்கும் வழங்கப்பட்டது. இரண்டே ஆண்டுகளில் அவர்கள் பிரிந்தார்கள். 1965இல் வந்த எம்.ஜி.ஆரின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ சேர்ந்து செய்த பணிக்கு எல்லையாக அமைந்தது. பிரிவின் காரணத்தை இருவரும் மேடைகளில் விரித்துப் பேசவில்லை. ராமமூர்த்தி ‘சாது மிரண்டால்’, ‘தேன் மழை’, ‘நான்’, ‘தங்கச் சுரங்கம்’ போன்ற படங்களுக்குத் தனியே இசையமைத்தார். அவருடைய திறமைக்கேற்ற எண்ணிக்கையில் படங்கள் வரவில்லை. கூட்டணியின் புகழை எடைபோடும்போது ராமமூர்த்தியின் வயலின் அறிவையும் சாஸ்திரிய அடித்தளத்தையும் குறைத்துச் சொல்வது நியாயமாகாது.

தனியாக நின்ற விஸ்வநாதன் மேலும் வேகமாக ஓடினார். ‘அன்பே வா’ (1966), ‘ஊட்டி வரை உறவு’ (1967), ‘குடியிருந்த கோயில்’ (1968), ‘உயர்ந்த மனிதன்’ (1968) எனத் தொடர்ந்தது. பின்னணிப் பாடகிக்கான இந்தியத் தேசிய விருது முதன்முதலாக வழங்கப்பட்டபோது, ‘உயர்ந்த மனிதன்’ படப் பாட்டுக்காக அதைப் பெற்றவர் பி. சுசீலா. ‘சிவந்த மண்’ (1969) படத்தில் அரபு இசையின் சாயலில் எல்.ஆர். ஈஸ்வரி பாடிய நடனப் பாட்டு, சாட்டையடியின் ஒலியையும் தாளத்தின் பகுதியாக்கியது. கோரஸ் பாடகியாக இருந்த ஈஸ்வரியின் குரலுக்குள் இருந்த வீச்சை ‘பாசமலர்’ கல்யாணப் பாட்டில் வெளிக்கொண்டு வந்தவர்களும் இரட்டையரே. வாணி ஜெயராம் தமிழில் வேர் பிடித்தது ‘தீர்க்க சுமங்கலி’ (1974) படத்தின் பாட்டால். எஸ்.பி. பாலசுப்பிரமணியத்தைத் தமிழுக்கு அழைத்து வந்ததிலும் விஸ்வநாதனுக்குப் பங்குண்டு. ஒரு குரலைக் கேட்டவுடன் அது எந்த உணர்ச்சிக்கு உரியது என்று கண்டுபிடிக்கும் காது அவருக்கு இருந்தது.

1970இல் வேறு வகையான வேலையொன்று வந்தது. மனோன்மணீயம் சுந்தரம் பிள்ளையின் நாடகத்தில் உள்ள தமிழ்த்தெய்வ வணக்கத்தை அரசு விழாக்களின் தொடக்கப் பாட்டாகத் தமிழ்நாடு அரசு ஏற்றது. அதற்கு விஸ்வநாதன் மோகன ராகத்தில், திஸ்ர நடையில் மெட்டமைத்தார். பயிற்சி இல்லாத பள்ளிப் பிள்ளைகளும் கூட்டமாக நின்று பாடக்கூடியதாக, அதே நேரம் நீண்ட செய்யுள் அடிகள் சிதறாததாக அது அமைய வேண்டியிருந்தது. ஐந்தே சுரங்கள் கொண்ட மோகனம் அதற்குப் பொருத்தமான தேர்வு.

எழுபதுகளில் இருவருடைய படங்களில் அவர் கைவரிசை முழுமையாகத் தெரிகிறது. ஒருவர் எம்.ஜி.ஆர். 1970இல் ஜப்பானின் ஒசாகா உலகக் கண்காட்சியில் படமாக்கத் தொடங்கி 1973இல் வெளியான ‘உலகம் சுற்றும் வாலிபன்’ பாட்டுகள் ஒரு பெரிய விருந்து. மற்றவர் கே. பாலசந்தர். அவர் கதைகளில் பாட்டுக்கான சூழல் வழக்கத்துக்கு மாறானதாக இருக்கும், விஸ்வநாதனுக்கு அது பிடித்திருந்தது. ‘அபூர்வ ராகங்கள்’ (1975) படத்துக்காக நான்கே சுரங்கள் கொண்ட மஹதி ராகத்தை எடுத்தார். பாலமுரளிகிருஷ்ணா உருவாக்கிய ராகம் அது. அதில் யேசுதாஸ் பாடிய பாட்டை ராகம் பற்றி எதுவும் அறியாதவர்களும் முணுமுணுத்தார்கள். அந்தப் படத்தின் பாட்டுக்காக வாணி ஜெயராம் தேசிய விருது பெற்றார். ‘அவர்கள்’ (1977) படத்தில் பேசும் பொம்மையும் பாடியது, அதற்குக் குரல் கொடுத்தவர் பலகுரல் கலைஞர் சதன். ‘நினைத்தாலே இனிக்கும்’ (1979) முழுக்க முழுக்க ஓர் இசைக்குழுவின் கதை.

‘வறுமையின் நிறம் சிவப்பு’ (1980) படத்தில் ஒரு காட்சி இருக்கிறது. நாயகி தத்தகாரத்தில் மெட்டைக் கொடுக்க, நாயகன் அந்த இடத்திலேயே அதற்குச் சொல் கொடுக்கிறான். மெட்டு சற்றுக் கடினமாகிறது, சொல் ஈடுகொடுக்கிறது. பாடியவர்கள் எஸ்.பி. பாலசுப்பிரமணியமும் எஸ். ஜானகியும், பாட்டு கண்ணதாசனுடையது. விஸ்வநாதனும் கண்ணதாசனும் முப்பது ஆண்டுகளாக ஓர் அறைக்குள் செய்துவந்ததை மக்கள் நேரே பார்த்தது அந்தக் காட்சியில்தான். அடுத்த ஆண்டு, 1981 அக்டோபரில், கண்ணதாசன் சிகாகோ நகரில் காலமானார். விஸ்வநாதனின் இசை வாழ்க்கையில் அதைவிடப் பெரிய இழப்பு வேறில்லை.

தமிழுக்கு வெளியேயும் அவர் பெயர் நிலைத்தது. மலையாளத்தில் ‘லங்காதகனம்’ (1971), ‘பணிதீராத்த வீடு’ (1973) ஆகியவற்றின் பாட்டுகள் கேரளத்தில் இன்றும் வாழ்கின்றன. இரண்டாவது படத்தில் அவரே பாடிய பாட்டு, பிறந்த மண்ணில் அவரைப் பாடகராகவும் நிலைநிறுத்தியது. தெலுங்கில் ‘மரோ சரித்ரா’ (1978) பெரும் வெற்றி. இலங்கை–இந்தியக் கூட்டுத் தயாரிப்பான ‘பைலட் பிரேம்நாத்’ (1978) படத்துக்கும் இசை அவரே. சிவாஜி கணேசனுக்கு இணையாக அதில் நடித்தவர் சிங்களத் திரையுலகின் மாலினி பொன்சேகா.

1976இல் ‘அன்னக்கிளி’ மூலம் இளையராஜா வந்தார். எண்பதுகளின் தொடக்கத்தில் இருந்து விஸ்வநாதனுக்குப் படங்கள் குறைந்தன. மூத்தவர் அதைக் கசப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. ‘மெல்லத் திறந்தது கதவு’ (1986) படத்தில் இருவரும் சேர்ந்தே இசையமைத்தார்கள். மேலும் சில படங்களிலும் அந்தக் கூட்டு தொடர்ந்தது. 1995இல் ‘எங்கிருந்தோ வந்தான்’ படத்துக்காக ராமமூர்த்தியும் விஸ்வநாதனும் முப்பது ஆண்டுகளின் பின் மீண்டும் ஒரே பெயராக வந்தார்கள். ‘காதல் மன்னன்’, ‘காதலா காதலா’ (இரண்டும் 1998) ஆகிய படங்களில் நடித்து, இளம் வயது ஆசையையும் நிறைவேற்றிக்கொண்டார்.

அவருடைய குரலுக்கு இறுதிவரை வேலை இருந்தது. முறையான பாடகரின் மெருகு அந்தக் குரலில் கிடையாது. உச்சத்தில் பிளந்து வெளிப்படும் வேதனை உண்டு. ஏ.ஆர். ரஹ்மான் அதைச் ‘சங்கமம்’ (1999) படத்தில் பயன்படுத்தினார். பிறகு மணிரத்னத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002) வந்தது. போரால் ஊரை விட்டுப் புறப்படும் இலங்கைத் தமிழரின் பாட்டு அதில் இடம்பெற்றது. வைரமுத்து எழுதினார். 70 வயதைக் கடந்த விஸ்வநாதன் அதைப் பாடியவர்களில் முதன்மையானவர். இந்தத் தீவில் இடம்பெயர்ந்து வாழ்ந்தவர்கள் எல்லாச் சமூகங்களிலும் உண்டு. அந்தப் பாட்டை அவர்கள் வெறும் திரைப்பாட்டாகக் கேட்டதில்லை.

நூற்றுக்கணக்கான படங்களுக்கு இசையமைத்தும் இந்திய அரசின் பத்ம விருது எதுவும் அவருக்கு வரவில்லை. இசையமைப்புக்கான தேசியத் திரைப்பட விருதும் வரவில்லை. அவர் மெட்டைப் பாடியவர்கள் பெற்ற விருதுகளைப் பார்க்கும்போது இது பெரிய குறை. 2012 ஆகஸ்டில் தமிழ்நாட்டு முதலமைச்சர் ஜெயலலிதா, விஸ்வநாதனுக்கும் ராமமூர்த்திக்கும் ‘திரை இசைச் சக்கரவர்த்தி’ பட்டத்தோடு 60 பொற்காசுகளும் காரும் அளித்தார். அடுத்த ஆண்டு ஏப்ரலில் ராமமூர்த்தி மறைந்தார். அதே 2013இல் மறுபடி எடுக்கப்பட்ட ‘தில்லு முல்லு’ படத்துக்கு, இளையராஜாவின் மகன் யுவன் சங்கர் ராஜாவோடு சேர்ந்து விஸ்வநாதன் இசையமைத்தார். 2015 ஜூலை 14ஆம் திகதி, 87ஆவது வயதில் சென்னையில் காலமானார். மனைவி ஜானகி 2012இலேயே இறந்திருந்தார்.

2021 டிசம்பரில் தமிழ்நாடு அரசு, 1970இல் அவர் மெட்டமைத்த தமிழ்த்தாய் வாழ்த்தை மாநிலப் பாடலாக அறிவித்தது. முல்லைப்பாணிப் பண் எனப்படும் மோகனத்தில், மூன்றன் நடையில், 55 விநாடிகளில் அதைப் பாட வேண்டும் என்பது விதி. விழாக்களில் இசைத்தட்டைப் போடாமல் பயிற்சி பெற்றவர்களைக் கொண்டு நேரில் பாட வேண்டும் என்றும், அப்போது கூடியிருப்போர் எழுந்து நிற்க வேண்டும் என்றும் அந்த அறிவிப்பு கூறுகிறது.